வாசற்படியை இடித்தால் தறிக்குழி நிறையும்

ஆக்கிரமிப்பு அகற்றம் என்றாலே கடைவீதிதான் செய்தியாகிறது. ஆரணி போன்ற ஊரில் கடைக்காரர்கள் வக்கீலைப் பார்ப்பார்கள், தடையாணைக்கு முயல்வார்கள், முடியாவிட்டால் தகரக் கூரையைக் கழற்றி உள்ளே வைத்துக்கொள்வார்கள். பட்டு நெசவாளர் தெருவில் பொக்லைன் முதலில் தொடுவது வாசற்படியை. அந்தப் படிக்குப் பின்னால் ஒரு தறி இருக்கிறது.

குழித்தறியென்றால் தரையோடு தரையாக உட்கார்ந்து, கால்களைக் குழிக்குள் தொங்கவிட்டு மிதித்து நெய்ய வேண்டும். பழைய தாரைச் சுரண்டாமல் அதன் மேலேயே திரும்பத் திரும்பச் சாலை போட்டால் தெரு உயர்ந்துகொண்டே போகும், வீடு பள்ளமாகும். சுரண்டிவிட்டுத்தான் புதிதாகப் போட வேண்டும் என்று 2021-ல் அரசே அறிவுறுத்தியது. அதற்கு முன் ஏறிய உயரம் ஏறியதுதான். ஒரு நல்ல மழை பெய்தால் தெருத் தண்ணீர் வாசல் தாண்டி வந்து தறிக்குழியில்தான் நிற்கும். முகந்து ஊற்றினாலும் ஈரம் காயும்வரை தறி ஓடாது, கூலியும் கிடையாது. அதற்குத்தான் வாசலில் ஒரு சிமென்ட் மேடு, ஏறி இறங்க இரண்டு படி. சர்வேயர் சங்கிலி பிடித்தால் அது சாலைக்குள் இரண்டடி.

ஆரணியிலேயே நீதிமன்றம் இருக்கிறது; வழக்குப் போடலாம். பட்டாவில் இல்லாத இரண்டடிக்கு என்ன உரிமை கேட்பது? மும்பை நடைபாதைவாசிகளுக்காக நடந்த ஓல்கா டெல்லிஸ் வழக்கில், பிழைப்புக்கான உரிமை உயிர்வாழும் உரிமையில் அடங்கும் என்று 1985 ஜூலை 10-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நடைபாதையை ஆக்கிரமிக்க யாருக்கும் உரிமையில்லை என்பதையும் அதே தீர்ப்பில் சொன்னது. இடிக்கும் முன் 15 நாள் நோட்டீஸ், நேர் விசாரணை, வீடியோ பதிவு என்று 2024 நவம்பர் 13-ல் அதே நீதிமன்றம் நாடு முழுமைக்கும் விதி வகுத்தது. ஆனால் சாலை, தெரு, நடைபாதை, நீர்நிலை போன்ற பொது இடங்களில் இருக்கும் கட்டுமானங்களுக்கு அவை பொருந்தா. நமக்குக் கைகொடுப்பது 1905-ஆம் ஆண்டின் நில ஆக்கிரமிப்புச் சட்டம். காரணம் கேட்டு நோட்டீஸ் கொடுக்க வேண்டும் என்று அதில் இருக்கிறது. அந்த நோட்டீஸ் வீட்டுக்காரர் பெயருக்குப் போய், தறி போட்டிருப்பவர் வாடகைக்காரராக இருந்தால், பொக்லைன் வந்து நிற்கும்போதுதான் அவருக்கு விஷயமே தெரியும்.

நோட்டீஸ் வந்தாலும் அதில் குறிக்கும் நாட்கள் போதாது என்பதுதான் என் பெரிய கவலை. ஆயிரக்கணக்கான நீளவாட்டு இழைகளை ஒவ்வொன்றாகப் பிணைத்துப் பாவு ஏற்றியிருப்பார்கள். சில சேலைகள் நெய்து முடிந்தால்தான் அந்தப் பாவு தீரும். கனத்த ஜரிகை வேலையென்றால் ஒரு சேலைக்கே வாரக்கணக்காகும். பாதியில் அவிழ்த்து மடித்து வைக்கிற பொருளா அது? பட்டும் ஜரிகையும் பெரும்பாலும் நெசவாளருடையதும் அல்ல, முதலாளியோ கூட்டுறவுச் சங்கமோ கொடுத்தது. புழுதி படிந்தாலும் நீர்பட்டுக் கறையானாலும் நஷ்டம் நெய்தவர் தலையில்தான் விடியும்.

ஆம்புலன்ஸ் நுழைய வழி வேண்டும் என்பவர்கள் கேட்பதும் நியாயமே. தெரு அகலமாக இருக்க வேண்டும் என்று நெசவாளரைவிட யார் கேட்கப்போகிறார்கள்? விடியற்காலையில் பாவைத் தெருநீளத்துக்கு இழுத்துக் கட்டி, கஞ்சி போட்டு, அறுந்த இழைகளைச் சேர்ப்பது அங்கேதான். குறுக்கே ஒரு பைக் நின்றாலும் வேலை கெடும்.

1985 தீர்ப்பில் ஓரிடத்தின் நோக்கம் இந்தத் தெருக்களுக்கும் பொருந்தும், அதன் தேதிதான் பொருந்தாது. மழைக்காலத்தில் யாரையும் வெளியேற்ற வேண்டாமென்று அக்டோபர் 31 வரை அவகாசம் கொடுத்தார்கள். மும்பையில் அப்போது மழை ஓய்ந்திருக்கும். நமக்கோ ஐப்பசியில்தான் அடைமழை பிடிக்கிறது, தீபாவளி வேலை நெருக்குவதும் அதையொட்டித்தான். எந்த மாதத்தில் இடிப்பது என்பதை ஊருக்கு ஊர் யோசித்துத்தான் முடிவு செய்ய வேண்டும். முதலில் சாலையைச் சுரண்டி மட்டம் குறைக்கட்டும், கால்வாயைத் தூர்வாரட்டும். பிறகு தறி போட்டிருப்பவர் கையிலேயே நோட்டீஸ் கொடுத்து, பாவு தீரும் நாளைக் கேட்டுக் குறித்துக்கொண்டு, தை மாசியில் படியை எடுக்கட்டும். ஐப்பசிக்குள் வாசலை வேறு மாதிரிக் கட்டிக்கொள்ள அவர்களுக்கு ஏழெட்டு மாதம் கிடைக்கும்.