விஎம்எஃப்எஸ் கோப்பு முறைமை

விஎம்எஃப்எஸ் என்பது மெய்நிகர் இயந்திரங்களின் வட்டுக் கோப்புகளைச் சேமிப்பதற்காக விஎம்வேர் நிறுவனம் உருவாக்கிய கோப்பு முறைமை ஆகும். இது விர்ச்சுவல் மெஷின் ஃபைல் சிஸ்டம் என்பதன் சுருக்கம். இஎஸ்எக்ஸ், இஎஸ்எக்ஸ்ஐ வழங்கிகள் இதனைப் பயன்படுத்துகின்றன. விண்டோஸ், லினக்ஸ் இயங்குதளங்களில் இதற்கான ஆதரவு இயல்பாக இல்லை. எனினும் வழங்கி பழுதடையும்போது, தரவை மீட்பதற்காக இவற்றின் வழியே அணுக வேண்டிய தேவை எழுகிறது.

பூட்டு முறை

ஒரே சேமிப்புத் தொகுதியைப் பல வழங்கிகள் ஒரே நேரத்தில் பயன்படுத்த இயலும். இயங்கிக்கொண்டிருக்கும் இயந்திரத்தின் வட்டுக் கோப்பை அதன் வழங்கி பூட்டி வைக்கிறது. இப்பூட்டு அத்தொகுதியிலேயே பதியப்படுகிறது. வழங்கி உயிர்ப்புடன் இருப்பதைக் காட்டும் குறிப்பும் அவ்வப்போது புதுப்பிக்கப்படுகிறது. இந்த ஏற்பாட்டை அறியாத இயங்குதளம் அதே தொகுதியில் எழுதினால், பிற வழங்கிகளில் இயங்கும் இயந்திரங்களின் தரவும் சிதையக்கூடும்.

ஆபத்து

விண்டோஸ் தனக்குப் புரியாத வட்டைக் காணும்போது, அதனைத் துவக்கநிலைப்படுத்தலாமா எனக் கேட்கக்கூடும். அதற்கு ஒப்புதல் அளித்தால் வட்டுப் பிரிவு அட்டவணை மேலெழுதப்படும். கோப்புகள் வட்டில் எஞ்சியிருந்தாலும் வழங்கிகளால் தொகுதியைக் கண்டறிய முடியாமற்போகலாம்.

பாதுகாப்பான அணுகல்

லினக்ஸில் விஎம்எஃப்எஸ்-டூல்ஸ் என்னும் திறந்த மூல மென்பொருள் 2006, 2011 ஆம் ஆண்டுகளில் வெளிவந்த 3, 5 ஆம் பதிப்புகளை வாசிக்க உதவுகிறது. 2016 இல் வெளிவந்த 6 ஆம் பதிப்புக்கு விஎம்எஃப்எஸ்6-டூல்ஸ் உள்ளது. அணுகும்போது பின்வருவன கடைப்பிடிக்கப்படுகின்றன:

* தொடர்புடைய மெய்நிகர் இயந்திரங்கள் முதலில் நிறுத்தப்படுகின்றன.
* கோப்பு முறைமை அளவில் மட்டுமன்றி, வட்டுச் சாதன அளவிலேயே எழுதுதல் தடுக்கப்படுகிறது.
* விளக்கக் கோப்பும் தரவுக் கோப்பும் வேறொரு வட்டுக்குப் படியெடுக்கப்பட்டு, அப்படியிலேயே பணி தொடரப்படுகிறது. எக்ஸ்ட்4 போன்ற முறைமைகள் வாசிப்பு நிலையில் ஏற்றப்படும்போதும் தமது நிகழ்பதிவைச் சரிசெய்ய வட்டில் எழுதக்கூடும் என்பதே இதற்குக் காரணம்.

ஸ்னாப்ஷாட் எடுக்கப்பட்ட இயந்திரமாயின் அடிப்படைக் கோப்பு மட்டும் போதாது. ஸ்னாப்ஷாட்டுக்குப் பிந்தைய மாற்றங்கள் தனிக் கோப்புகளில் இருப்பதால், அடிப்படைக் கோப்பு பழைய நிலையையே காட்டும். அதில் ஏதேனும் எழுதப்பட்டால் கோப்புகளுக்கு இடையிலான பொருத்தம் குலைந்து, புதிய தரவும் பயனற்றுப்போகலாம். எனவே தொடர்புடைய எல்லாக் கோப்புகளும் சேர்த்தே படியெடுக்கப்பட வேண்டும்.