சத்தம் சொல்லும் சேதி

கண்ணுக்கு எட்டாத இடத்தில் நடப்பதைப் பெரும்பாலும் காதுதான் தெரிவிக்கிறது. எண்ணெய் காய்ந்துவிட்டதை அடுப்படியில் கடுகுதான் முதலில் சொல்லும். படபடவென்ற அதன் வெடிப்பு அடங்கத் தொடங்கும்போதே உளுத்தம்பருப்பையும் கறிவேப்பிலையையும் போட்டாக வேண்டும். பிந்தினால் கடுகு கருகித் தாளிப்பு கசந்துவிடும். குக்கர் விசிலை அடுத்த அறையில் இருந்தபடியே எண்ணிக்கொள்கிறார்கள். எந்தச் சமையல் குறிப்பிலும் முழுதாக அடங்காத இந்த அறிவு, கேட்டுக் கேட்டே வருவது.

சந்தையில் மண்பானை வாங்குபவர் அதை விரலால் சுண்டிப் பார்க்கிறார். கணீரென்று ஒலித்தால் நன்றாக வெந்த பானை. சத்தம் மந்தமாக வந்தால் எங்கோ விரிசல். மருத்துவமும் இந்த வழிக்கு வந்தது. வியன்னாவில் பணியாற்றிய லியோபோல்ட் ஔவென்புருக்கர் என்ற மருத்துவர், நோயாளியின் மார்பைத் தட்டி, எழும் ஒலியை வைத்து உள்ளே நீர் கோத்திருப்பதை அறியும் முறையை 1761-இல் வெளியிட்டார். இன்றும் மருத்துவர்கள் அப்படித் தட்டிப் பார்க்கிறார்கள்.

சத்தமே இல்லாமல் போனாலும் ஆபத்து என்பதை மின்சாரக் கார்கள் காட்டின. மெதுவாக வரும்போது அவற்றில் இன்ஜின் உறுமல் இல்லை, டயர் ஓசையும் குறைவு. காதை நம்பிச் சாலையைக் கடக்கும் பார்வையற்றவருக்கு வண்டி வருவதே தெரியாது. அதனால் ஐரோப்பிய ஒன்றியம் 2019 ஜூலை முதல் புதிய மாடல்களுக்கும், 2021 ஜூலை முதல் எல்லாப் புதிய மின்சார, ஹைபிரிட் கார்களுக்கும் செயற்கை ஒலியைக் கட்டாயமாக்கியது. மணிக்கு 20 கி.மீ. வேகம் வரையிலும், பின்பக்கமாக வரும்போதும் அது ஒலிக்க வேண்டும். வேகம் அதற்கு மேல் போனால் டயர் ஓசையே காட்டிக்கொடுத்துவிடும்.

இரைச்சல் தூக்கத்தைக் கெடுக்கும், செவித்திறனைக் குறைக்கும் என்பதில் ஐயமில்லை. இந்தியாவின் 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55, இரவில் 45 டெசிபல் என்று வரம்பு வைத்திருக்கின்றன. வரம்பு தேவைதான். ஆனால் எல்லாச் சத்தமும் இரைச்சல் அல்ல. கோலமாவு விற்பவரின் குரல் வாசலுக்கு ஒரு சேதி கொண்டுவருகிறது. சிக்னலில் நிற்கும் பேருந்தின் ஏர் ஹாரன் யாருக்கும் எதையும் சொல்வதில்லை. பல சுரங்களில் அலறும் ஹாரன்களை மத்திய மோட்டார் வாகன விதிகள் முன்பே தடைசெய்திருக்கின்றன. போக்குவரத்து அதிகாரிகள் அவற்றைக் கழற்றிப் பறிமுதல் செய்வதில் இனியாவது கண்டிப்புக் காட்ட வேண்டும்.