வாடகைக்கு ஒரு வீடு

கிழக்குத் தாம்பரத்திலிருந்து சேலையூர், மேடவாக்கம் வழியாக வேளச்சேரி செல்வோர், தெருவுக்குத் தெரு 'டு லெட்' அட்டைகள் தொங்கக் காண்பர். அச்சொல்லையே தலைப்பாக்கி ஒரு திரைப்படம் தந்தவர் ஒளிப்பதிவாளர் செழியன்.

சிவகங்கையைச் சேர்ந்த இவர், 'கல்லூரி' (2007), 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010), 'பரதேசி' (2013), 'ஜோக்கர்' (2016) முதலிய படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர்; எழுத்தாளருமாவார். 'ஆனந்த விகட'னில் இவர் எழுதிய 'உலக சினிமா' தொடர், பிறநாட்டு நற்படங்களைத் தமிழ்க் குடும்பங்களுக்கு அறிமுகப்படுத்தியது. சினிமா என்றாலே முகஞ்சுளிப்போர் (நாமும் அக்கூட்டத்தினரே) கூட அதை விரும்பிப் படித்ததுண்டு.

இவரே எழுதி, ஒளிப்பதிவு செய்து, இயக்கிய படம் 'டுலெட்'. தயாரித்தவர் இவருடைய துணைவியார் பிரேமா. பாட்டில்லை, பின்னணி இசையுமில்லை. மேலை இசை பற்றி நூல்கள் எழுதியவர் இசையையே விலக்கியது வியப்பன்றோ! சிறந்த தமிழ்ப் படத்துக்கான 65ஆவது தேசிய விருதைப் பெற்ற இப்படம், 2019 பிப்ரவரியில்தான் திரையரங்குகளுக்கு வந்தது.

கதை நிகழும் ஆண்டு 2007. கணினி நிறுவனங்கள் பெருகிச் சென்னையில் வாடகை ஏறிய காலம். கணவன், மனைவி, சிறு மகன் அடங்கிய குடும்பத்தை வீட்டுக்காரர் காலி செய்யச் சொல்கிறார். கணவனோ சினிமாவில் முன்னேற முயல்பவன். அத்தொழிலைச் சொன்னதும் கதவு அடைபடுகிறது. இவர்கள் வேறு வீடு தேடி அலைகையில், குடியிருக்கும் வீட்டைப் பார்க்க அந்நியர் வந்து நிற்கின்றனர். சமையலறை வரை எட்டிப் பார்க்கின்றனர்.

இப்படத்தைக் கண்ட இரவு நமக்கு உறக்கம் வரவில்லை. "சாமி, மாடி காலியாயிருக்கு. நல்ல குடும்பமா, நம்மவங்களா இருந்தா அனுப்புங்க" என்று கேட்கும் பங்கு மக்களுக்கு நாமும் ஆள் தேடிக் கொடுத்திருக்கிறோம். சான்றுக் கடிதங்களும் எழுதியதுண்டு. எந்த ஊர், என்ன தொழில், என்ன சாதி என்று துருவிய பின்பே சாவி கைமாறும் என்பதை அறிந்தும் வாளாவிருந்தோம். கிறிஸ்து பிறப்புக் காலத்தில், சத்திரத்தில் இடங்கிடையாத சூசையப்பரையும் மாதாவையும் பற்றி உருக்கமாகப் பிரசங்கித்தவரும் நாமே.

சென்ற மாதம் ஒரு வீட்டை மந்திரிக்கச் சென்றோம். வாயிலில் அந்த அட்டை தொங்கிற்று. வழக்கம்போல் வீட்டுக்கார அம்மாள், "நம்மவங்க யாராவது..." என்று தொடங்கினார். "நிழற்படம் எடுத்துப் பிழைக்கும் ஒரு தம்பி இருக்கிறார், நம் மதத்தவர் அல்லர், அனுப்பட்டுமா?" என்றோம். அம்மாள் தீர்த்தச் செம்பைக் கையில் பிடித்தபடி நெடுநேரம் நின்றார். "வரச் சொல்லுங்க சாமி, பார்க்கலாம்" என்றார். இன்னும் பதில் வரவில்லை.