“கடை எனக்கு வேண்டும்”

மயிலாப்பூர் மாட வீதிகளிலோ தியாகராய நகர் உஸ்மான் சாலையிலோ கட்டடச் சொந்தக்காரர் ஒருவர், “கடை எனக்கு வேண்டும், காலி செய்து கொடுங்கள்” என்று சொல்லிவிட்டால் விஷயம் முடிந்தது என எண்ணுவோர் இன்றும் அநேகர். ஆனால் ‘வேண்டும்’ என்ற அந்த ஒரு சொல்லுக்குப் பொருள் நிர்ணயிப்பதிலேயே சென்னைச் சிறுவழக்குகள் நீதிமன்றம் தலைமுறைகளைக் கழித்திருக்கிறது.

யுத்த காலத்தில் 1941-இல் வீடுகளுக்கும் 1942-இல் கடைகளுக்கும் வந்த வாடகைக் கட்டுப்பாடு, 1946, 1949 சட்டங்களாக வளர்ந்து, 1960-ஆம் ஆண்டின் 18-ஆம் சட்டமாக நிலைபெற்றது. அது கூறிய காரணங்களுள் ஒன்றேனும் இல்லாமல், குத்தகைக் காலம் முடிந்தது என்பதற்காக மட்டும் எவரையும் வெளியேற்ற இயலாதிருந்தது. உள்வாடகைக்கு விடுதல், கட்டடத்தைச் சேதப்படுத்துதல், தக்க காரணமின்றி நான்கு மாதம் பூட்டிப்போடுதல் முதலியவை எவருக்கும் எளிதில் விளங்கின.

வாடகை பாக்கியோ அவ்வளவு எளிதாக இருக்கவில்லை. பாக்கி இருந்தால் மட்டும் போதவில்லை. அது வேண்டுமென்றே வைத்த பாக்கியாக இருக்க வேண்டியிருந்தது. இரண்டு மாத அவகாசம் கொடுத்து நோட்டீஸ் அனுப்பியும் பணம் வராவிட்டால் அவ்வாறே கருதப்பட்டது. இதை அறிந்த சில சொந்தக்காரர்கள், பாக்கியை உண்டாக்கும் பொருட்டே வாடகையை வாங்க மறுத்ததும் உண்டு. அதற்கு மாற்றாகச் சட்டம், வாடகை கட்ட வேண்டிய பாங்கின் பெயரைச் சொந்தக்காரரிடம் கேட்டு எழுதுவது, பதில் வராவிட்டால் மணியார்டர் அனுப்புவது, அதுவும் திரும்பினால் நீதிமன்றத்தில் கட்டுவது என்று ஒரு வழியை வகுத்தது. மணியார்டர் கமிஷனைக்கூட வாடகையில் கழித்துக்கொள்ளலாம் என்றெழுதியவர் உலகம் அறிந்தவர்!

சொந்த உபயோகத்துக்காகக் கேட்டவர், தாமோ தம் குடும்பத்தாரோ ஒரு வியாபாரம் நடத்துவதையும், அதற்காக அந்நகரில் தமக்குச் சொந்தமான வேறு கட்டடம் எதிலும் இருக்கவில்லை என்பதையும் காட்ட வேண்டியிருந்தது. வெறும் ஆசை போதவில்லை.

இடித்துக் கட்டுவதற்காகக் கேட்டால், ஒரு மாதத்துக்குள் இடிக்கத் தொடங்குவதாக வாக்குறுதி தர வேண்டியிருந்தது. மவுண்ட் ரோட்டின் பழைய கடிகார நிறுவனமான பி.ஆர் அண்ட் சன்ஸ் தொடர்பான வழக்கில், கட்டடத்தின் நிலையே உடனடி இடிப்பைக் கோருவதாயிருக்க வேண்டும் என்ற கருத்தை உச்சநீதிமன்றம் வெளியிட்டது. 1996-இல் அதே நீதிமன்றம், கட்டடம் விழும் நிலையில் இருக்க வேண்டியதில்லை, உண்மையான உத்தேசமும் பணவசதியும் கட்டடத்தின் வயதும் சேர்த்துப் பார்க்கப்படும் என்று தெளிவுபடுத்தியது. நிலத்தின் விலை ஏறிய நகரில் இந்தப் பிந்திய தீர்ப்பே சொந்தக்காரர்களுக்குக் கைகொடுத்தது.

2017-இல் இயற்றப்பட்டு 2019 பிப்ரவரி 22 முதல் அமலில் உள்ள புதிய சட்டம் இவற்றில் பலவற்றை எளிதாக்கிவிட்டது; முக்கியமாக, எழுத்து மூலம் வாடகை ஒப்பந்தம் ஏற்படாமற் போனதே வெளியேற்றத்துக்குத் தனிக் காரணமாகிவிட்டது. தாத்தா காலத்து வாய்ப்பேச்சை நம்பி அடையாற்றிலும் மயிலாப்பூரிலும் கடை நடத்தும் அன்பர்கள், ஒப்பந்தமும் அதன் பதிவு எண்ணும் கைவசம் உண்டா என்று இன்றே பெட்டியைத் திறந்து பார்த்துக்கொள்வது நலம்.