ஹிட்லருக்கே "முடியாது" சொன்ன ஹாம்லெட்!

ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட் ஆண் என்றுதானே நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள்? 1921-ல் வந்த ஒரு ஜெர்மன் படத்தில் அந்த இளவரசன் பெண்! நடித்தவர் டென்மார்க் நடிகை ஆஸ்டா நீல்சன். அப்போது அவருக்கு வயது 39!

வெறும் ஆண் வேஷம் என்று நினைத்துவிடாதீர்கள். கதையையே புரட்டிப் போட்டுவிட்டார்கள்! அரியணைக்கு வாரிசு வேண்டுமே என்று, பிறந்த பெண் குழந்தையை ஆண் என்று ஊருக்கு அறிவித்துவிடுகிறார் ராணி. அந்தப் பொய்யைச் சுமந்தே வளர்கிறது பிள்ளை. உயிர் நண்பன் ஹொரேஷியோவுக்கு உண்மை எப்போது தெரிகிறது தெரியுமா? ஹாம்லெட்டின் உயிர் பிரிந்த பிறகு!

'ஹாம்லெட் ஒரு பெண்' என்று வாதாடி அமெரிக்கர் எட்வர்ட் வைனிங் ஒரு புத்தகமே எழுதியிருந்தார். படத்துக்கு விதை அதுதான். அது வெளிவந்த ஆண்டு 1881. ஆஸ்டா பிறந்த ஆண்டு? அதுவும் 1881! இந்தப் பொருத்தத்தை வேறு யாராவது உங்களுக்குச் சொன்னார்களா?

இப்படி ஒரு படத்துக்கு யார் பணம் போடுவார்கள்? அவரே கம்பெனி தொடங்கிவிட்டார்! 1920-ல் ஒரு நடிகை தன் சொந்த நிறுவனத்தில் ஹாம்லெட் எடுக்கிறார் என்றால் சும்மாவா!

அந்தப் படத்தின் வண்ணம் ஏற்றிய பிரதி ஒன்று 2005-ல் கிடைத்தது. தூசி தட்டி, சீர்செய்து, 2007 பெர்லின் பட விழாவில் திரையிட்டார்கள். படம் வந்து 86 வருஷம் கழித்து!

இவ்வளவும் செய்த ஆஸ்டாவின் பின்னணி என்ன? அப்பா கொல்லர். பாதி நாள் வேலை இருக்காது. அம்மா ஊர்த் துணி வெளுத்துக் குடும்பத்தைக் காப்பாற்றினார். ஆஸ்டாவுக்கு 14 வயதானபோது அப்பாவும் போய்விட்டார். அந்தப் பெண்தான் பதின்வயதிலேயே கோபன்ஹேகன் ராயல் தியேட்டரின் நடிப்புப் பள்ளிக்குள் நுழைந்தார்!

1901-ல் மகள் ஜெஸ்டா பிறந்தாள். கல்யாணம் ஆகவில்லை. குழந்தையின் தந்தை யார்? ஊரே கேட்டது. ஆஸ்டா 90 வயது வரை வாழ்ந்தார், கடைசி வரை வாயைத் திறக்கவில்லை!

ஆஸ்டா சினிமாவுக்கு வந்ததே நாடக வாய்ப்புக்காகத்தான்! மேடையில் நல்ல வேஷம் கிடைக்கவில்லை. 'ஒரு படம் எடுத்துக் காட்டினால் நாடக முதலாளிகள் கண் திறப்பார்கள்' என்று நண்பர் உர்பான் காடும் அவரும் கணக்குப் போட்டார்கள். நாடக முதலாளிகள் இருக்கட்டும், ஐரோப்பாவே கண்ணைத் திறந்துவிட்டது!

படத்தின் பெயர் 'பாதாளம்'. செலவு சுமார் 8,000 குரோனர். படப்பிடிப்பு ஏறக்குறைய ஒரே வாரம்! இன்றைக்கு ஒரு பாட்டு எடுக்கவே அதைவிட அதிக நாள் ஆகிறது.

கோபன்ஹேகன் கோஸ்மோராமா திரையரங்கில் முதல் காட்சி: 1910 செப்டம்பர் 12. ஆஸ்டாவின் பிறந்தநாள் செப்டம்பர் 11. 29 முடிந்த மறுநாளே நட்சத்திரம்!

அந்தப் படத்தில் ஒரு நடனம் உண்டு. கறுப்பு உடை, இடுப்பை இறுக்கிப் பிடித்த பாவாடை. சர்க்கஸ் காதலனைக் கயிற்றால் கட்டிப்போட்டு, அவனைச் சுற்றிச் சுற்றி வந்து உரசி ஆடுகிறார். கேமரா இம்மியும் நகரவில்லை. அடுத்த ஷாட்டுக்குத் தாவவும் இல்லை. ஆடிக்கொண்டே இருக்கிறார்! பார்த்த தணிக்கைக்காரர்கள் அலறியடித்துக் கத்தரியை எடுத்தார்கள். நார்வேயிலும் ஸ்வீடனிலும் வெட்டு!

என்னைக் கேட்டால் அந்த நடனத்தைவிடக் கடைசிக் காட்சிதான் பெரிது. காதலனைக் கத்தியால் குத்திவிட்டார். போலீஸ் அழைத்துப் போகிறது. மற்ற நடிகைகள் நெஞ்சில் அடித்துக்கொண்டு கதறிய காலம் அது. ஆஸ்டா? கண்ணில் ஒரு சொட்டு நீர் இல்லை. மரத்துப்போன முகம். நடந்து போய்விடுகிறார், அவ்வளவுதான்!

உர்பான் காடை 1912-ல் மணந்தார். பத்து ஆண்டுகூட நீடிக்கவில்லை!

அடுத்து ஜெர்மனிப் படவுலகம். அங்கே அவருக்குக் கொடுத்த சம்பளம் ஆண்டுக்கு 80,000 டாலர் என்கிறார்கள். முதல் உலகப் போருக்கும் முந்தைய டாலர்!

பெர்லினை ஒட்டியுள்ள பாபல்ஸ்பெர்க் ஸ்டூடியோ தெரியுமல்லவா? 'மெட்ரோபோலிஸ்' எடுத்த இடம். அங்கே முதன்முதலாகக் கேமரா சுழன்றது 1912 பிப்ரவரியில். படம் 'மரண நடனம்'. நாயகி? வேறு யார், ஆஸ்டாதான்!

1914-ல் 'ஏங்கலைன்' என்றொரு நகைச்சுவைப் படம். 12 வயதுச் சிறுமி போல நாடகமாடும் 17 வயதுப் பெண்ணின் கதை. அந்த வேஷத்தைப் போட்டபோது ஆஸ்டாவுக்கு 32!

முதல் உலகப் போர்க்காலத்தில் பெர்லினின் பெரிய சாலையில் நடந்து போனவரை ரஷ்யப் பெண் என்று நினைத்து ஒரு கும்பல் வளைத்துக்கொண்டது. ஊர் ஊராகப் போஸ்டரில் சிரித்த முகம், நேரில் வந்தபோது அடையாளம் தெரியவில்லை!

1925-ல் 'இன்பமில்லாத தெரு'. இயக்கம் பாப்ஸ்ட். அதில் ஆஸ்டாவோடு நடித்த 19 வயதுப் பெண் யார் தெரியுமா? கிரேட்டா கார்போ! அப்புறம் நடந்ததுதான் அநியாயம். அமெரிக்காவில் கார்போ பெரிய ஸ்டார் ஆனதும், அங்கே ஓடிய பிரதியில் ஆஸ்டாவின் பகுதியையே வெட்டி எறிந்துவிட்டார்கள்!

பால்டிக் கடலின் ஹிடன்சே தீவில் அவருக்கு ஒரு கோடை வீடு இருந்தது. வளைவான வடிவம்! பெயர் 'ராட்டினம்'! கட்டியவர் புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் மாக்ஸ் டாவுட். கவிஞர் ரிங்கல்நாட்ஸ் வாடிக்கையான விருந்தாளி. இப்போது அது அருங்காட்சியகம்.

நடித்தவை 70-க்கும் மேல். அதில் டென்மார்க் படங்கள் வெறும் 4!

பேசும் படம்? ஒன்றே ஒன்று! 1932-ல் வந்தது. அதில் அவருக்கு என்ன வேஷம் என்று நினைக்கிறீர்கள்? சிற்பி! நிஜ வாழ்க்கையிலும் ஓவியக் கலைஞராகப் போகிறார் என்று அப்போது யாருக்குத் தெரியும்!

நாஜிகள் ஆட்சிக்கு வந்தார்கள். தனி ஸ்டூடியோவே தருகிறேன் என்றார் பிரசார அமைச்சர் கோயபல்ஸ். அடுத்து ஹிட்லரிடமிருந்து தேநீருக்கு அழைப்பு! உங்கள் முகத்துக்கு அரசியலில் எவ்வளவு சக்தி தெரியுமா என்று ஹிட்லரே உட்கார்ந்து விளக்கியதாக ஆஸ்டா பின்னாளில் எழுதினார். பதில்? மாட்டேன்! பெட்டியைக் கட்டிக்கொண்டு டென்மார்க் போய்விட்டார்!

அதோடு நிற்கவில்லை. போர்க்காலத்தில் ஜெர்மனியில் தவித்த யூதர்களுக்கு டென்மார்க்கிலிருந்து பொட்டலங்கள் போய்ச் சேரப் பணம் கொடுத்தார். உதவி நீட்டப்பட்டவர்களில் ஒருவர், நாஜி காலத்தை நாட்குறிப்பில் பதிவு செய்த விக்டர் கிளெம்பரர்!

சொந்த ஊரிலாவது வரவேற்பு இருந்ததா? சினிமா அவரை மறந்துவிட்டது. தன் கதையை அவரே எழுதினார். புத்தகத்தின் பெயர் 'பத்தாவது கலைத்தேவதை'. மொத்தம் 2 பாகம்!

அப்புறம்தான் கத்தரிக்கோலைக் கையில் எடுத்தார்! தூரிகை இல்லை, சாயக் குழம்பு இல்லை. மிச்சம் மீதித் துணிகள்தான் அவருக்கு வண்ணம். ஒன்றை மூக்காக வெட்டுவார், இன்னொன்றை முந்தானையாக மடிப்பார். எல்லாவற்றையும் பலகையில் ஒட்டினால் படம் தயார்! மேடையையும் திரையையும் ஆண்ட கை, முதுமையில் துணி ஓவியம் செய்தது. பொழுதுபோக்கு என்று வீட்டுக்குள் பூட்டி வைக்கவில்லை, கண்காட்சிக்கே போயின அவை!

அம்மாவுடையது துணி வெளுத்த கை, மகளுடையது துணியில் ஓவியம் செய்த கை. இந்த ஒற்றுமை எனக்கு ரொம்பப் பிடித்தது!

1968-ல் அவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க ஏற்பாடானது. எடுத்தது அவருக்குப் பிடிக்கவில்லை. என்ன செய்தார்? தள்ளுங்கள் என்று தானே இயக்கிவிட்டார்! இயக்குநராக அறிமுகமான வயது 86!

1970-ல் கல்யாணம்! மணமகளுக்கு 88, மாப்பிள்ளைக்கு 77. மாப்பிள்ளையின் தொழில்? ஓவிய வியாபாரி!

1972 மே மாதம். 90 வயதில் விடைபெற்றார். கல்லறையில் பெயர் கிடையாது! பெயரற்றோருக்கான பொது இடத்தில்தான் அஸ்தி புதைக்கப்பட்டது.

ஆனால் கோபன்ஹேகன் சினிமாதெக்கில் 3 அரங்குகள். ஒன்றின் பெயர் கார்ல், இன்னொன்று பெஞ்சமின். இரண்டும் டேனிஷ் இயக்குநர்களின் பெயர்கள். மூன்றாவது? ஆஸ்டா!

'பாதாளம்' இன்றும் பத்திரமாக இருக்கிறது. டேனிஷ் திரைப்படக் கழகம் அதை இணையத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. நீளம் 40 நிமிடம்கூட இல்லை. இன்று இரவே பார்த்துவிடுங்கள்!