காலங்கடந்த மேல்முறையீடு

ஓய்வூதிய வழக்கில் ஊழியர் ஜெயித்த பின்னும் கெடுவுக்குள் மேல்முறையீடு செய்யாத இலாகா, அவர் நீதிமன்ற அவமதிப்பு மனு தாக்கல் செய்த பிறகே விழித்துக்கொண்டு, தன் தாமதத்தை மன்னிக்குமாறு விண்ணப்பிப்பது நம் நாட்டில் அபூர்வமான விஷயமன்று.

போதிய காரணம் இருப்பின் தாமதத்தை மன்னிக்க 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின் 5-ஆவது பிரிவு அதிகாரமளிக்கிறது. 1987-இல், கோப்புகள் மெல்ல நகரும் அரசாங்க இயல்பையும் கருதித் தாராளமாக நோக்க வேண்டுமென்ற உச்ச நீதிமன்றமே, 2012-இல் அஞ்சல் துறையின் 427 நாள் தாமதத்தை மன்னிக்க மறுத்து, காலவரையறை அரசாங்கத்தையும் கட்டுப்படுத்துமென்று திட்டவட்டமாய் உரைத்தது.

ஊழியருக்கும் கெடு உண்டு. 1985-ஆம் வருஷத்து நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் பொதுவாக ஒரு வருஷ அவகாசமே தருகிறது. எனினும், ஓய்வூதியம் குறைவாக வழங்கப்படுமானால் மாதந்தோறும் அநீதி புதிதாகப் பிறப்பதால், அது தொடர் தவறாகக் கருதப்பட்டு வழக்கு ஏற்கப்படும். ஆனால் 2008-இல் உச்ச நீதிமன்றம் வகுத்தபடி, நிலுவை சாதாரணமாக வழக்குக்கு முந்திய மூன்று வருஷங்களுக்கே கிட்டும். பிறர் ஸ்தானத்தைக் குலைக்கும் பதவி உயர்வு, முதுநிலை வழக்குகளிலோ இச்சலுகை இல்லை.

சம்பளமும் ஓய்வூதியமும் ஒரு குடும்பத்தின் ஜீவாதாரமாதலால், முதியவர் ஆயுட்காலத்தைக் கரைக்கும் இலாகாவின் அசிரத்தையை நீதிமன்றங்கள் கண்டிப்புடன் பரிசீலிப்பதே தர்மம்.