தங்கத்தைவிடக் கனமான செவ்வாய்

செவ்வாய்க்கு இரண்டு நிலவுகள் இருப்பதை விஞ்ஞானிகளுக்கு 150 வருஷம் முன்பே ஒரு கதைக்காரர் எழுதிவிட்டாராமே, அவருக்கு யார் சொன்னார்கள் என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். தனக்கு வாட்ஸ்அப்பில் வந்த தகவலையும் இணைத்திருக்கிறார். அதில் விஷயம் வேற்றுக்கிரகவாசிகள் வரைக்கும் போய்விட்டது.

கதைக்காரர் ஜொனாதன் ஸ்விஃப்ட். கதை, 1726இல் வெளிவந்த 'கலிவரின் பயணங்கள்'. குழந்தைகளுக்கான சுருக்கங்கள் பெரும்பாலும் குள்ளர் தேசத்தோடு கடையைக் கட்டிவிடும். மிஞ்சிப்போனால் ராட்சதர் தேசம். மூன்றாம் பாகத்தில் வரும் பறக்கும் தீவான லாப்புட்டாவைப் பலர் எட்டிக்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள். காந்தக்கல்லின் விசையால் மிதக்கும் அந்தத் தீவில் இருப்பவர்களுக்குக் கணக்கும் வானியலும் தலைக்கேறியிருக்கும். பேசிக்கொண்டிருக்கும்போதே யோசனையில் ஆழ்ந்துவிடுவார்கள். வாயிலும் காதிலும் தட்டி எழுப்பத் தனியாக வேலையாள் உண்டு. தையல்காரர் வானியல் கருவியை வைத்து அளவெடுத்து, கணக்கில் கோட்டை விட்டு, கலிவருக்குப் பொருந்தாத உடுப்பைத் தைத்துக் கொடுக்கிறார். இந்த நையாண்டிக்கு நடுவில்தான் அவர்கள் கண்டுபிடித்ததாக இரண்டு நிலவுகள் வருகின்றன. உள்நிலவு, செவ்வாயின் மையத்திலிருந்து அதன் விட்டத்தைப்போல் மூன்று மடங்கு தூரத்தில். ஒரு சுற்றுக்கு 10 மணி நேரம். வெளிநிலவு ஐந்து மடங்கு தூரத்தில். இருபத்தொன்றரை மணி நேரம்.

இரண்டு என்ற எண்ணில் பெரிய மாயம் இல்லை. 1610இல் கலிலியோ ஒரு கண்டுபிடிப்பை எழுத்துகளைக் கலைத்துப்போட்டுப் புதிராக அனுப்பினார். அது சனியைப் பற்றியது. கெப்ளர் அதைச் செவ்வாய்க்கு இரண்டு நிலவுகள் என்று பிரித்துப் படித்தார். பூமிக்கு ஒன்று, வியாழனுக்கு அன்று தெரிந்தவை நான்கு, நடுவில் இருக்கும் செவ்வாய்க்கு இரண்டு என்பது அவருக்கு இயல்பாகப்பட்டது. இந்தப் பேச்சு ஸ்விஃப்டின் காதுக்கும் எட்டியிருக்கலாம்.

நான் மெச்சுவது மற்ற எண்களை. சுற்றும் காலத்தின் வர்க்கமும் தூரத்தின் கனமும் ஒரே விகிதத்தில் போகும் என்பது கெப்ளரின் விதி. போட்டுப் பாருங்கள்: பத்தின் வர்க்கம் 100, இருபத்தொன்றரையின் வர்க்கம் 462.25, விகிதம் 4.62. மூன்றின் கனம் 27, ஐந்தின் கனம் 125, விகிதம் 4.63. கேலிக்கதை எழுத உட்கார்ந்த டப்ளின் பாதிரியார் ஒருவர் இவ்வளவு மெனக்கெட்டிருக்கிறார்! வாட்ஸ்அப் தகவலில் இதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

இப்போது நிஜத்துக்கு வருவோம். செவ்வாய் ஒருமுறை சுழல 24 மணி 37 நிமிடம் ஆகிறது. அதன் உள்நிலவான ஃபோபோஸ் 7 மணி 39 நிமிடத்தில் செவ்வாயைச் சுற்றிவிடுகிறது. அதனால் அது மேற்கே உதித்துக் கிழக்கே மறைகிறது. கோயில் பிராகாரத்தில் நான் நிதானமாக வலம் வரும்போது என் பேரன் பின்னாலிருந்து ஓடிவந்து முந்திக்கொண்டு போவான், அதே கதைதான். நம் நிலவு மெதுவாக நடப்பது, அதை நாம் முந்துகிறோம். ஆகவே அது எதிரே, கிழக்கில், தென்படுகிறது.

ஸ்விஃப்டின் உள்நிலவும் 10 மணிக்கு ஒரு சுற்று என்பதால் மேற்கில்தான் உதிக்க வேண்டும். ஆனால் அவர் சொன்ன தூரத்தில் உண்மையாகவே ஒரு நிலவை வைத்தால்? மூன்று விட்டம் என்பது சுமார் 20,400 கி.மீ. அங்கே ஒரு சுற்றுக்கு ஆகும் நேரமும் செவ்வாயின் ஒரு சுழற்சி நேரமும் கிட்டத்தட்ட ஒன்று. ஆக, நிலவு உதிக்கவும் செய்யாது, மறையவும் செய்யாது; நடுக்கோட்டுக்கு மேல் வானத்தில் ஒரே இடத்தில் நிற்கும். செவ்வாய்க்கு ஒரு தொலைத்தொடர்புச் செயற்கைக்கோளை அப்படி நிறுத்துவதானால் பொறியாளர்கள் தேடிப்போவதும் இந்தத் தூரத்தைத்தான். ஸ்விஃப்டுக்கு இது தெரிந்திருக்க வழியே இல்லை, சுத்தமான தற்செயல். எனக்கு இந்தப் புத்தகத்திலேயே பிடித்த தற்செயலும் இதுதான். அதே இடத்தில் 10 மணிக்கு ஒரு சுற்று ஓடவேண்டுமென்றால் செவ்வாயின் எடை ஆறு மடங்கு கூடவேண்டும். அப்போது அது தங்கத்தைவிட அடர்த்தியான கோளாக இருக்கும்.

ஸ்விஃப்ட் 'முன்கூட்டியே அறிந்தார்' என்பவர்கள் இந்தத் தங்கச் செவ்வாயைப் பற்றி மூச்சுவிட மாட்டார்கள். பொருந்துவதைப் பொறுக்கிக்கொண்டு மற்றதை ஒதுக்கிவிடும் இந்த வழக்கம் நம் மேடைகளிலும் தாராளமாக நடக்கிறது: எதை எடுத்தாலும் முன்னோர் சொல்லிவைத்ததே. இதில் அடிபடுவது, ராத்திரி கண்விழித்துத் தேடிய ஆளின் உழைப்பு.

அப்படித் தேடியவர் அசாஃப் ஹால். 1877 ஆகஸ்டில் வாஷிங்டன் கடற்படை வானாய்வகத்தின் 26 அங்குலத் தொலைநோக்கியில், செவ்வாயின் கண்கூசும் ஒளிக்குப் பக்கத்தில் துழாவிக்கொண்டிருந்தார். அலுத்துப்போய் விட்டுவிட நினைத்தவரை, இன்னும் பாருங்கள் என்று ஊக்கியவர் மனைவி ஏஞ்சலின் ஸ்டிக்னி. ஒரு காலத்தில் ஹாலுக்கே கணக்குச் சொல்லிக்கொடுத்தவர். ஒரு வாரத்துக்குள் டெய்மோஸ், ஃபோபோஸ் இரண்டும் அகப்பட்டன.

பிற்காலத்தில் டெய்மோஸில் ஒரு பள்ளத்துக்கு ஸ்விஃப்டின் பெயரை வைத்தார்கள். தன் கதையில் இதே இரண்டு நிலவுகளைச் சொன்ன வால்டேருக்கும் அங்கே ஒரு பள்ளம் உண்டு. ஃபோபோஸில் கலிவரே இருக்கிறார். அந்த நிலவின் ஆகப்பெரிய பள்ளம் சுமார் 9 கி.மீ. அகலம், அதன் பெயர் ஸ்டிக்னி. ஹால் பெயரிலும் ஒன்று உண்டு, அதைவிடச் சின்னது.